தண்ணீர்க் கணக்கு யார் கையில்?

பூண்டி, சோழவரம், புழல், செம்பரம்பாக்கம் ஏரிகளில் இன்றைக்கு எவ்வளவு தண்ணீர் இருக்கிறது என்பதை நாளிதழில் தேடிப் பார்ப்பது சென்னைவாசிகளுக்குப் பழகிப்போன ஒன்று. நான்கும் நிரம்பினால் 11,257 மில்லியன் கன அடி. அதில் இன்று இருப்பது எவ்வளவு, போன ஆண்டு இதே நாளில் எவ்வளவு இருந்தது, வரத்து எவ்வளவு, வெளியேற்றம் எவ்வளவு என்று குடிநீர் வாரியமே அன்றாடம் வெளியிடுகிறது. 2019 ஜூனில் நான்கு ஏரிகளும் வறண்டு, அடுத்த மாதம் ஜோலார்பேட்டையிலிருந்து ரயிலில் தண்ணீர் வந்தபோது, அது யாருக்கும் ஓர் இரவில் வந்து விழுந்த செய்தியாக இல்லை. மாதக்கணக்கில் அந்த எண்கள் இறங்கிக்கொண்டே வந்ததை ஊரே பார்த்திருந்தது. ஆனால் அந்தத் தண்ணீர் ஏரியை விட்டுக் கிளம்பிய பிறகு என்ன ஆகிறது? நேற்று எந்தப் பகுதிக்கு எத்தனை லட்சம் லிட்டர் போனது, எத்தனை மணி நேரம் வந்தது, வழியில் கசிந்தது எவ்வளவு, கடைசித் தெருவின் கடைசிக் குழாயில் குளோரின் இருந்ததா? இவற்றை ஏரி மட்டத்தைப் போல ஒரு சாமானியர் காலையில் எழுந்ததும் பார்த்துவிட முடியாது. நம் குடிநீர் நிர்வாகத்தின் பெரிய இருட்டு மண்ணுக்கு அடியில் இருக்கும் அந்தக் குழாய்களில்தான் இருக்கிறது.

அந்த இருட்டை நீக்கக்கூடிய கருவிகள் இப்போது வந்துவிட்டன. குழாயில் ஓடும் நீரின் அளவையும் அழுத்தத்தையும் நிமிடத்துக்கு நிமிடம் அனுப்பும் சென்சார்கள், நீரேற்று நிலையங்களை ஒரே அறையிலிருந்து இயக்கும் ஸ்காடா அமைப்பு, கசிவின் ஓசையைக் கேட்டு இடத்தைக் காட்டும் கருவிகள், லாரிகளில் ஜி.பி.எஸ்., வீட்டு வாசலில் ஸ்மார்ட் மீட்டர் என்று பட்டியல் நீளம். மத்திய அரசின் ஜல் ஜீவன் திட்டம் கிராமத்தில் ஆளுக்கு நாளொன்றுக்கு 55 லிட்டர் என்று இலக்கு வைத்திருக்கிறது. அது போய்ச் சேர்கிறதா என்று சென்சார் வைத்துக் கண்காணிப்பதும் அந்தத் திட்டத்தின் பேச்சில் இருக்கிறது. கருவிகளை வாங்குவதா வேண்டாமா என்ற விவாதம் ஏறக்குறைய முடிந்துவிட்டது. நடக்க வேண்டிய விவாதம், அந்தக் கருவிகள் காட்டும் எண்கள் யாருக்குச் சொந்தம் என்பது. அவை அதிகாரிகளின் திரையிலும் ஒப்பந்த நிறுவனத்தின் சர்வரிலும் மட்டுமே இருக்குமானால், தொழில்நுட்பத்துக்குக் கொட்டும் பணத்தில் பெரும்பகுதி வீண் என்பதே என் வாதம். ஏரி மட்டத்தைப் போல அவையும் மக்கள் முன் வைக்கப்பட வேண்டும்.

நம் ஊர்களில் இப்போது நடப்பதைச் சற்று அருகில் போய்ப் பார்க்கலாம். பெரும்பாலான நகராட்சிகளில் தண்ணீர் 24 மணி நேரமும் வருவதில்லை. நாள் விட்டு நாள், சில இடங்களில் வாரத்துக்கு ஒரு முறை, அதுவும் சில மணி நேரம். தெருமுனையில் இரும்பு மூடியைத் தூக்கி, நீளமான சாவியைக் குழிக்குள் விட்டு, வால்வைச் சுற்றித் திறப்பவர் ஓர் ஊழியர். எந்த வால்வை எத்தனை சுற்று திறந்தால் மேட்டுத்தெருவுக்கு ஏறும், எதைப் பாதி மூடாவிட்டால் பள்ளத்திலிருக்கும் வீடுகளே எல்லாவற்றையும் இழுத்துக்கொள்ளும் என்பதெல்லாம் அவருக்கு அத்துப்படி. எந்த வரைபடத்திலும் அது இருக்காது. அவர் ஓய்வு பெறும் நாளில் ஒரு வார்டின் குழாய்க் கணக்கே அவரோடு போய்விடுகிறது. எங்கள் தெருவுக்கு ஏன் வரவில்லை என்று கேட்கும் பெண்களிடம் அவர் சொல்லும் பதிலைச் சரிபார்க்க யாரிடமும் எண் இல்லை. அவரிடமும் இல்லை, பல நேரங்களில் அவருக்கே கிடைக்காத தண்ணீருக்காக அவர்தான் வசவு வாங்குகிறார்.

இந்த நிலையில் கருவிகளை வெளிநாட்டில் வைப்பதுபோல் அப்படியே இங்கே வைத்தாலும் வேலைக்கு ஆகாது. லண்டனிலோ சிங்கப்பூரிலோ கசிவைக் கண்டுபிடிக்கும் அடிப்படை வழி, விடியற்காலை இரண்டு, மூன்று மணிக்கு ஒரு பகுதிக்குள் போகும் நீரை அளப்பது. ஊரே தூங்கும் நேரத்திலும் கணிசமாக நீர் ஓடினால், அதில் பெரும்பகுதி கசிவு. நம் ஊரிலோ தண்ணீர் விடுவதே அந்த நேரமாக இருக்கும். வீடுகள் விழித்திருந்து சம்ப்பை நிரப்பிக்கொண்டிருக்கும். அந்தக் கணக்கு இங்கே பொருந்தாது. ஆகவே இங்கே முதலில் வேண்டியது, மேல்நிலைத் தொட்டியிலிருந்து கிளம்பும் நீரையும் ஒவ்வொரு பகுதிக்குள் நுழையும் நீரையும் அளக்கும் பெரிய மீட்டர்கள். வீட்டு வாசல் மீட்டர் அதற்கெல்லாம் பிறகு. இதற்குக் காரணம் உண்டு; பின்னால் சொல்கிறேன்.

எண்கள் வெளியே வந்தால் என்ன நடக்கும் என்பதற்கு நம் காலத்தின் தெளிவான சான்று இங்கிலாந்து. அங்கே குடிநீரும் கழிவுநீரும் 1989-ல் தனியார் கையில் கொடுக்கப்பட்டன. கனமழையில் சாக்கடைக் குழாய்கள் நிரம்பி வீடுகளுக்குள் பின்னோக்கிப் புகாமலிருக்க, ஆறுகளிலும் கடலிலும் திறந்துவிடும் வழிகள் 14 ஆயிரத்துக்கும் மேல் இருக்கின்றன. 2010-ல் இவற்றில் சுமார் 7 சதவீதத்தில் மட்டுமே கண்காணிப்புக் கருவி இருந்தது. 2023 இறுதிக்குள் எல்லாவற்றிலும் வைத்துவிட்டார்கள். மிக எளிய கருவிதான்: கழிவு எப்போது வழியத் தொடங்கியது, எப்போது நின்றது என்று மட்டும் சொல்லும், எவ்வளவு என்று சொல்லாது. அந்த எளிய கருவி காட்டிய கணக்கு, 2023 என்ற ஒரே ஆண்டில் சுத்திகரிக்காத கழிவு வழிந்த நேரம் 36 லட்சம் மணி. நாடே கொதித்துப்போனது. ஆற்றில் குளிப்பவர்களும் மீன் பிடிப்பவர்களும் தேர்தல் மேடைகளில் கேள்வி கேட்டார்கள்.

இதில் அதிகம் பேசப்படாத ஒரு பகுதி எனக்கு இன்னும் முக்கியமாகப் படுகிறது. ஆக்ஸ்ஃபோர்டுஷயரில் ஓடும் விண்ட்ரஷ் ஆற்றின் கரையில் வசிக்கும் ஓய்வுபெற்ற பேராசிரியர் பீட்டர் ஹாமண்ட், சுத்திகரிப்பு நிலையங்களின் ஓட்டக் கணக்கைச் சுற்றுச்சூழல் தகவல் உரிமை விதிகளின்கீழ் கேட்டு வாங்கினார். கழிவு திறந்துவிடப்பட்ட நாளில் நிலையத்துக்குள் ஓடும் நீரின் வரைகோடு எப்படி இருக்கும் என்று ஒரு கணினி நிரலுக்குக் கற்றுக்கொடுத்து, பழைய கணக்கு முழுவதையும் அதன் முன் வைத்தார். அவரும் தோழர்களும் 2021-ல் வெளியிட்ட ஆய்வில், இரண்டே நிலையங்களில் 2009 முதல் 2020 வரை அதுவரை கணக்கில் வராத 926 திறப்புகளைக் கண்டதாகச் சொன்னார்கள். ஒழுங்குமுறை அமைப்பிடம் சட்ட அதிகாரம் இருந்தது, நிறுவனத்திடம் கணக்கு முழுவதும் இருந்தது. இருந்தும் அதைக் கண்டுபிடித்தவர் வெளியாள். அதே ஆண்டு ஜூலையில் சதர்ன் வாட்டர் நிறுவனம், 2010-க்கும் 2015-க்கும் இடையே 6,971 முறை சட்டவிரோதமாகக் கழிவைத் திறந்துவிட்ட வழக்கில் 9 கோடி பவுண்டு அபராதம் கட்டியது. செயற்கை நுண்ணறிவு பற்றி இங்கே கருத்தரங்குகள் நடக்கின்றன. அந்த அறிவு யாருடைய கையில் இருந்தால் எதைத் தேடும் என்பதையும் அங்கே பேச வேண்டும். நிறுவனத்தின் கையில் அது மின்கட்டணத்தைக் குறைக்கும் வழியைத் தேடும். ஆற்றங்கரைவாசியின் கையில் மறைத்ததைத் தேடும். இரண்டும் தேவை. இரண்டாவது நடக்கக் கணக்கு திறந்திருக்க வேண்டும்.

அளந்ததால் ஆறு சுத்தமாகிவிட்டதா என்று கேட்பார்கள். இல்லை. 2022-ல் 17.5 லட்சம் மணியாக இருந்தது 2023-ல் 36 லட்சமானது. மழை அதிகம் என்பது ஒரு காரணம். கருவி எதையும் சுத்திகரிக்காது. ஆனால் எண்கள் வெளியே வந்த பிறகு நடந்தவற்றை வரிசையாகப் பார்த்தால் அவற்றின் வலு புரியும். 2021-ல் வந்த சுற்றுச்சூழல் சட்டம், கழிவு வழியத் தொடங்கிய ஒரு மணி நேரத்துக்குள் பொதுமக்களுக்குத் தெரிவிக்க வேண்டும் என்று கட்டாயமாக்கியது. 2025 மே மாதம் தேம்ஸ் வாட்டர் நிறுவனத்துக்கு 12 கோடி பவுண்டுக்கும் மேல் அபராதம். அதே ஆண்டு ஜூலையில் நீர்த்துறையை ஆராய்ந்த, ஜான் கன்லிஃப் தலைமையிலான ஆணையம், கட்டண ஒழுங்குமுறை அமைப்பையே கலைத்துவிட்டுப் புதிதாக அமைக்கப் பரிந்துரைத்தது. முப்பது ஆண்டுகளாக அசையாதிருந்த ஒரு துறையை அசைத்தது, எவரும் பார்க்கக்கூடியபடி வெளியே வந்த அந்த எண்கள்.

எண்கள் மூடிய அறைக்குள் இருந்தால் என்ன ஆகும் என்பதற்கு அமெரிக்காவின் ஃபிளிண்ட் நகரம் சாட்சி. செலவை மிச்சப்படுத்த 2014 ஏப்ரலில் அந்த ஊரின் குடிநீரை டெட்ராய்ட் வலையமைப்பிலிருந்து ஃபிளிண்ட் ஆற்றுக்கு மாற்றினார்கள். குழாய் அரிக்காமல் காக்கும் ரசாயனத்தைச் சேர்க்கவில்லை. பழைய ஈயக் குழாய்களிலிருந்து ஈயம் கரைந்து குழந்தைகளின் ரத்தத்தில் ஏறியது. அந்த ஆண்டு அக்டோபரிலேயே அங்கிருந்த ஜெனரல் மோட்டார்ஸ் ஆலை, உதிரி பாகங்கள் அரிக்கின்றன என்று அந்த நீரை நிறுத்திவிட்டது. மக்கள் இன்னும் ஓராண்டு அதைத்தான் குடித்தார்கள். 2015-ல் எடுத்த 71 மாதிரிகளில் இரண்டைக் கணக்கிலிருந்து நீக்கியதும், ஈய அளவு அபாய வரம்புக்குக் கீழே இறங்கி அறிக்கை சுத்தமாகிவிட்டது. நீக்கியது யார், ஏன் என்று மூல எண்களைப் பார்த்தால்தான் கேட்க முடியும். அந்த மூல எண்களுக்காக ஒரு தாயும், வர்ஜீனியா டெக் பல்கலைக்கழக ஆய்வாளர்களும், ஒரு குழந்தை மருத்துவரும் போராட வேண்டியிருந்தது.

பிறகு நடந்ததை இந்தத் துறையில் இருக்கும் ஒவ்வொருவரும் படிக்க வேண்டும். எந்த வீட்டுக்கு ஈயக் குழாய் போகிறது என்று நகராட்சிக்கே தெரியவில்லை. பழைய வரைபடங்களிலும், கையால் எழுதிய ஆயிரக்கணக்கான அட்டைகளிலும் இருந்த பதிவுகளில் பல தவறானவை. மிச்சிகன் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த ஜேக்கப் அபர்னதி, எரிக் ஸ்வார்ட்ஸ் இருவரும் வீட்டின் வயது, மதிப்பு, இடம், ஏற்கனவே தோண்டிப் பார்த்த முடிவுகள் ஆகியவற்றைக் கொண்டு ஒரு கணிப்பு முறையை உருவாக்கினார்கள். 2017-ல் தோண்டிய இடங்களில் சுமார் 70 சதவீதத்தில் மாற்ற வேண்டிய குழாய் அகப்பட்டது. 2018-ல் பணி வேறு நிறுவனத்திடம் போனது. கணிப்பை ஓரங்கட்டிவிட்டு, வீடு வீடாக வரிசையில் தோண்டினார்கள். பத்தாயிரத்துக்கும் மேற்பட்ட இடங்களைத் தோண்டியும் கிடைத்தது சுமார் 15 சதவீதம்தான். ஏன் அப்படிச் செய்தார்கள்? பக்கத்து வீட்டைத் தோண்டி என் வீட்டை விட்டுவிட்டார்களே என்று மக்கள் கேட்டார்கள். நகர நிர்வாகத்தால் அதற்குப் பதில் சொல்ல முடியவில்லை. ஒருமுறை எண்ணைக் காட்டி ஏமாற்றப்பட்ட ஊர், அடுத்த எண் சரியானதாகவே இருந்தாலும் நம்பாது. அந்த மக்களை அறியாதவர்கள் என்று குறை சொல்ல எனக்கு மனம் வரவில்லை. 2019-ல் நீதிமன்ற உடன்பாட்டின்படி கணிப்பு முறைக்குத் திரும்பினார்கள். இடையில் ஓராண்டின் பணமும் உழைப்பும் மண்ணில் போனது போனதுதான். மிகத் துல்லியமான நிரலும், திறந்த கணக்கு இல்லாத இடத்தில் செல்லாது.

எதிர்வாதங்களில் கனமானது பாதுகாப்பு பற்றியது. குடிநீர் அமைப்பை இணையத்தில் கொண்டுபோய் வைத்தால் எதிரிகள் புகுந்துவிடுவார்கள் என்பது கற்பனை அல்ல. 2023 நவம்பரில் பென்சில்வேனியாவின் அலிகுவிப்பா என்ற ஊரில், நீரழுத்தத்தைக் கூட்டும் நிலையத்தின் கட்டுப்பாட்டுக் கருவிக்குள் ஊடுருவினார்கள். ஆலையிலிருந்து வந்தபோது இருந்த 1111 என்ற கடவுச்சொல்லைக்கூட மாற்றாமல் விடப்பட்ட வகைக் கருவி அது. ஆஸ்திரேலியாவின் மரூச்சியில் 2000-ல், வேலை மறுக்கப்பட்ட ஒருவர் வானொலி அலைவழி கட்டளை அனுப்பி, சுமார் எட்டு லட்சம் லிட்டர் சாக்கடையைப் பூங்காவிலும் ஓடையிலும் பாயவிட்டார். இரண்டிலும் உள்ளே போன வழியைக் கவனிக்க வேண்டும். எவரும் பொதுமக்களுக்கான பக்கத்தைப் படித்துவிட்டு வால்வைத் திருப்பவில்லை. கட்டளையிடும் பாதை பூட்டப்படாமல் கிடந்தது. இயக்கும் வலையமைப்பைத் தனியாக மூடிவைத்து, அதிலிருந்து எண்களை மட்டும் ஒருவழியாக வெளியே அனுப்புவது பொறியாளர்கள் நன்கு அறிந்த ஏற்பாடு. எந்த வால்வு எங்கே இருக்கிறது என்று ஊருக்குச் சொல்ல வேண்டியதில்லை. எந்தப் பகுதிக்கு எவ்வளவு நீர் போனது என்று சொல்லலாம். பாதுகாப்பைக் காரணம் காட்டி எல்லாவற்றையும் மூடுபவர்கள், முதலில் கடவுச்சொல்லை மாற்றிவிட்டார்களா என்று கேட்கப்பட வேண்டியவர்கள்.

இன்னொரு எதிர்ப்பு இடதுசாரிகளிடமிருந்தும் குடியிருப்போர் சங்கங்களிடமிருந்தும் வருகிறது: மீட்டர் வந்தால் தண்ணீர் விற்பனைச் சரக்காகிவிடும். 2018-ல் கோவை மாநகராட்சி 24 மணி நேரக் குடிநீர்த் திட்டத்துக்காக சூயஸ் நிறுவனத்துடன் 26 ஆண்டு ஒப்பந்தம் போட்டபோது எழுந்த அச்சம் அதுதான். அந்த அச்சத்தில் நியாயம் இருக்கிறது. தென்னாப்பிரிக்காவின் கேப் டவுனில், ஏழைக் குடியிருப்புகளில் நாளொன்றுக்கு 350 லிட்டரோடு நீரை நிறுத்திவிடும் கருவிகளைப் பொருத்தினார்கள். ஒரே குழாயை நம்பிப் பத்துப் பேர் வாழும் வீட்டில் மாலைக்குள் தண்ணீர் நின்றுபோனது. இங்கே இன்னொரு அநியாயமும் உண்டு. விட்டுவிட்டுத் தண்ணீர் வரும் குழாய்களில், நீர் வருவதற்கு முன்னால் உள்ளே அடைந்திருக்கும் காற்று வேகமாக வெளியேறும். சாதாரண மீட்டர் அந்தக் காற்றிலும் சுற்றும். வராத தண்ணீருக்குக் காசு கேட்பது போலாகிவிடும். பெரிய மீட்டர் முதலில், வீட்டு மீட்டர் பிறகு என்று சொன்னதற்கு இதுவே காரணம். தொட்டியிலிருந்து கிளம்பிய நீர் எவ்வளவு, வார்டுக்கு வந்தது எவ்வளவு என்று வாரியம் முதலில் தன் கணக்கைக் காட்டட்டும். வீட்டுக்காரரிடம் கணக்குக் கேட்கும் தகுதி அதற்குப் பிறகே வரும். வீட்டு மீட்டர் வரும் நாளிலும், ஒரு குடும்பத்தின் அன்றாடப் பயன்பாடு அந்தக் குடும்பத்துக்கும் வாரியத்துக்கும் மட்டுமே தெரிய வேண்டும். வீடு பூட்டியிருக்கிறதா என்பதையே அந்த எண் காட்டிக்கொடுத்துவிடும். பொதுவில் வர வேண்டியது பகுதியின் கணக்கு.

மக்களிடம் எண்ணைக் கொடுத்தால் பீதி பரவும், அரசியல் ஆக்குவார்கள் என்பது அதிகாரிகளிடம் அடிக்கடி கேட்கும் வாதம். இதற்கும் கேப் டவுனே பதில். 2018 தொடக்கத்தில் அணைகள் வற்றி, குழாய்களை மூடும் நாளையே அறிவித்தார்கள். ஆளுக்கு நாளொன்றுக்கு 50 லிட்டர் என்று வரம்பு வைத்து, அணை மட்டத்தையும் நகரின் மொத்தப் பயன்பாட்டையும் தொடர்ந்து வெளியிட்டார்கள். கலவரம் வரவில்லை. மூன்று ஆண்டுகளுக்குள் நகரின் நீர்ப் பயன்பாடு பாதிக்கும் கீழே இறங்கி, அந்த நாள் வராமலே தவிர்க்கப்பட்டது. கட்டுப்பாடுகளுக்கும் கட்டண உயர்வுக்கும் அதில் பங்குண்டு. ஆனாலும் நிலைமையைக் கண்ணால் பார்த்த ஊர்தான் அவற்றைத் தாங்கியது. 2019-ல் சென்னையும் அப்படித்தான் தாங்கியது. பீதி பரவுவது வதந்தியால். வதந்தி பிறப்பது எண் இல்லாத இடத்தில்.

பராமரிப்பைப் பற்றியும் ஒரு வார்த்தை. சென்சார் வைப்பது எளிது; ஓடவைப்பது கடினம். குளோரினை அளக்கும் கருவியை அடிக்கடி சரிபார்த்துத் திருத்த வேண்டும், பேட்டரி மாற்ற வேண்டும், சேறு துடைக்க வேண்டும். உத்தரவாதக் காலம் முடிந்ததும் திரையில் ஒரே எண் உறைந்து நிற்கும். உள்ளே உட்கார்ந்திருப்பவர்கள் அதைப் பார்த்துப் பழகிவிடுவார்கள். அதே எண் ஊர் பார்க்கும் இடத்தில் இருந்தால் மறுநாளே யாராவது கேட்பார்கள். இங்கிலாந்தின் ஆண்டறிக்கையில், ஒவ்வொரு கருவியும் ஆண்டில் எத்தனை சதவீத நேரம் வேலை செய்தது என்பதையும் சேர்த்தே வெளியிடுகிறார்கள். அந்த ஒரு பத்தியை நாம் அப்படியே எடுத்துக்கொள்ளலாம்.

இதற்குப் புதிய சட்டம்கூடத் தேவையில்லை. தகவல் அறியும் உரிமைச் சட்டம் 2005-ன் 4-வது பிரிவு, யாரும் கேட்காமலே பொது அமைப்புகள் தகவலை வெளியிட வேண்டும் என்கிறது. கருவி வாங்கும் ஒவ்வொரு டெண்டரிலும் மூன்று நிபந்தனைகள் இருந்தால் போதும்: எண்கள் நிறுவனத்துடையவை அல்ல, வாரியத்துடையவை, பகுதிவாரி நீரளவும் நேரமும் குளோரின் அளவும் அன்றாடம் தமிழில் வெளியிடப்படும், ஒப்பந்தம் முடிந்தாலும் பழைய கணக்கு அழியாது. வணிக ரகசியம் என்ற காரணத்தைக் குடிநீரின் அளவுக்கும் தரத்துக்கும் எந்த நிறுவனமும் சொல்ல இடம் தரக் கூடாது. 26 ஆண்டு ஒப்பந்தத்தில் இந்த வரிகள் விடுபட்டால் ஒரு தலைமுறைக்கு அவற்றைச் சேர்க்க முடியாது.

தமிழ்நாட்டில் உலகத் தண்ணீர் தினமான மார்ச் 22 அன்று கிராம சபை கூடுகிறது; நகரங்களில் பகுதி சபைகள் இருக்கின்றன. உங்கள் ஊர்த் தொட்டியிலிருந்து நேற்று எத்தனை லிட்டர் கிளம்பியது, உங்கள் தெருவுக்கு எவ்வளவு வந்தது, அதில் குளோரின் இருந்ததா என்று அங்கே எழுந்து கேளுங்கள். பதில் தெரியாது என்றால், அதைத் தீர்மானப் புத்தகத்தில் எழுதச் சொல்லுங்கள்.